பீட் பாசில்த்வெயிட்: தந்தை வேடங்களில் ஒரு நடிகரின் வாழ்க்கை

கேள்வி: ‘இன்செப்ஷன்’ படத்தில் சாகக் கிடக்கும் செல்வந்தராகச் சில நிமிடங்கள் மட்டுமே வரும் முதியவர் யார்? ‘தி லாஸ்ட் வேர்ல்ட்’ படத்தில் டைனோசர் வேட்டைக்காரராக வந்தவரும் அவர்தானா? இவ்வளவு திறமை உள்ளவர் ஏன் கடைசிவரை சிறு வேடங்களிலேயே நின்றுவிட்டார்?

பதில்: இருவரும் ஒருவரே. அவர் பெயர் பீட் பாசில்த்வெயிட். ஆங்கிலத்தில் அந்தப் பெயரை எழுதும்போது நடுவில் வரும் ஓர் எழுத்து உச்சரிப்பில் வராது என்பதால், பல இடங்களில் பலவிதமாக அவரைக் குறிப்பிடுகிறார்கள். 1946 பிப்ரவரி 7 அன்று வட இங்கிலாந்தின் வாரிங்டன் நகரில் பிறந்து, 2011 ஜனவரி 2 அன்று தம் 64ஆம் வயதில் கணையப் புற்றுநோயால் காலமானார். நடிக்க வந்த காலத்தில் அந்த நீண்ட பெயரை மாற்றிக்கொள்ளும்படி அவருக்கு அறிவுரை சொல்லப்பட்டது, அவர் மாற்றவில்லை. உங்கள் மூன்றாவது கேள்விக்குத்தான் நீண்ட விடை தேவைப்படுகிறது. அவர் சிறு வேடங்களிலேயே நின்றுவிட்டார் என்பது அமெரிக்கப் படங்களை மட்டும் பார்த்தவர்களுக்கு ஏற்படும் எண்ணம். பிரிட்டிஷ் தொலைக்காட்சியிலும் மேடையிலும் அவர் முதன்மை வேடங்களை ஏற்றவர், வயதான காலத்தில் ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நின்றவர்.

தமிழில் நாம் குணச்சித்திர நடிகர் என்று சொல்லும்போது, கதாநாயகனாக ஆக முடியாதவருக்குத் தரும் ஆறுதல் பட்டம் போல அந்தச் சொல் சில வேளைகளில் ஒலிக்கிறது. பிரிட்டனில் அந்த வகை நடிகர் உருவாகும் வழியை அறிந்தால் அந்த எண்ணம் தோன்றாது. அங்கே நகரந்தோறும் அரசு மானியத்தில் இயங்கிய நாடக அரங்குகளில் ஒரு குழு நிரந்தரமாக இருக்கும். அதே குழுவினர் ஒரு பருவத்தில் பல நாடகங்களை அடுத்தடுத்து நடத்துவார்கள். இந்த மாதம் மன்னனாக வருபவர் அடுத்த மாதம் தபால்காரராக வருவார், ஒரே நாடகத்தில் மூன்று பேராகவும் வருவார். முகத்தை அழகாகக் காட்டுவதை விட, உடலையும் குரலையும் பேச்சு வழக்கையும் சில நிமிடங்களில் மாற்றிக்கொள்ளும் திறமைக்கே அங்கே மதிப்பு அதிகம். பாசில்த்வெயிட் அந்தப் பட்டறையில் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் புடம்போடப்பட்டவர்.

வாரிங்டன் லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் இடையில் உள்ள தொழில் நகரம். அங்கே கத்தோலிக்கத் தொழிலாளர் குடும்பம் ஒன்றில் நான்கு பிள்ளைகளில் கடைக்குட்டியாகப் பிறந்தார். இளமையில் பாதிரியார் ஆக வேண்டும் என்ற எண்ணமும் அவருக்கு இருந்தது. பிறகு லண்டனை அடுத்த ட்விக்கன்ஹாமில் செயின்ட் மேரிஸ் கல்லூரியில் ஆசிரியர் பயிற்சி பெற்று, சில காலம் பள்ளியில் கற்பித்தார். அந்த நிலையான வேலையை விட்டுவிட்டுப் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியில் மாணவராகச் சேர்ந்தபோது, உடன் படித்த பலரை விட அவர் வயதில் மூத்தவர். சம்பள வேலையின் வாழ்க்கையை உள்ளிருந்து பார்த்துவிட்டு நடிப்புக்கு வந்தவர் என்பது, பின்னாளில் அவர் ஏற்ற சுரங்கத் தொழிலாளி, கசாப்புக் கடைக்காரர், சிறைக்கைதி ஆகிய வேடங்களைப் பார்க்கும்போது எனக்கு முக்கியமாகப் படுகிறது.

எழுபதுகளின் நடுவில் அவர் சென்று சேர்ந்த இடம் லிவர்பூல் எவ்ரிமேன் அரங்கம். ஹோப் வீதியில், முன்பு தேவாலயமாக இருந்த கட்டடத்தில், 1964-இல் தொடங்கப்பட்ட அரங்கம் அது. ஜூலி வால்டர்ஸ், பில் நை, ஜொனதன் பிரைஸ், ஆன்டனி ஷெர் ஆகியோர் எல்லாம் அங்கே பாசில்த்வெயிட்டின் சமகாலத்தவர்கள். ஆலன் பிளீஸ்டேல், வில்லி ரஸ்ஸல் ஆகிய எழுத்தாளர்கள் அங்கேதான் உருவானார்கள். பிற்காலத்தில் பிரிட்டிஷ் திரையையும் மேடையையும் ஆண்ட ஒரு தலைமுறையின் பெரும்பகுதி ஒரே கூரையின் கீழ் குறைந்த கூலிக்கு உழைத்த காலம் அது. அந்த அரங்கத்துக்கு ஒரு சுற்றுக்குழுவும் இருந்தது. ஒரு வேனில் ஏறி நகரத்தின் மதுக்கடைகளுக்குச் சென்று, குடித்துக்கொண்டும் பேசிக்கொண்டும் இருப்பவர்களின் நடுவே நாடகம் போடுவார்கள். வால்டர்ஸும் நையும் பாசில்த்வெயிட்டும் அந்த வேனில் போனவர்கள். நாடகம் பார்க்க வராத ஒரு கூட்டத்தை, திரையும் விளக்கும் இல்லாமல், முகத்தாலும் குரலாலும் மட்டுமே நிறுத்திவைக்க வேண்டும். ‘இன்செப்ஷன்’ படுக்கையில் அசையக்கூட முடியாமல் கிடந்தபடியே அவர் நம் கவனத்தைப் பிடித்து வைத்திருக்கும் விதத்துக்கு வேர் எங்கே என்று கேட்டால் நான் அந்த மதுக்கடைகளைத்தான் காட்டுவேன்.

திரையில் அவருடைய தொடக்கம் மிக மெதுவானது. 1977-இல் ரிட்லி ஸ்காட்டின் முதல் படமான ‘தி டூயலிஸ்ட்ஸ்’ படத்தில் தளபதி ஒருவருக்குச் சவரம் செய்பவராக வந்து போகிறார். 1984-இல் ‘எ பிரைவேட் ஃபங்ஷன்’ படத்தில், போருக்குப் பிந்தைய உணவுப் பங்கீட்டுக் காலத்துக் கசாப்புக் கடைக்காரர். இடையிடையே தொலைக்காட்சியில் சிறு வேடங்கள், எண்பதுகளில் ராயல் ஷேக்ஸ்பியர் நாடகக் குழுவில் பணி. நாற்பது வயதைக் கடந்த பிறகும் பொதுமக்களுக்கு அவர் முகம் தெரியாது.

அந்த நிலையை மாற்றிய படம் டெரன்ஸ் டேவிஸ் எழுதி இயக்கி 1988-இல் வெளிவந்த ‘டிஸ்டன்ட் வாய்ஸஸ், ஸ்டில் லைவ்ஸ்’. லிவர்பூலில் நாற்பதுகளிலும் ஐம்பதுகளிலும் வாழ்ந்த தம் சொந்தக் குடும்பத்தின் நினைவுகளை டேவிஸ் அதில் கோத்திருந்தார். மனைவியையும் பிள்ளைகளையும் அடித்து நொறுக்கும் தந்தையின் வேடம் பாசில்த்வெயிட்டுக்கு. டேவிஸ் 1945 நவம்பரில் பிறந்தவர். அதாவது தம்மைவிடச் சில மாதங்கள் மூத்த ஒருவரின் தந்தையாக, அவர் கண்ணெதிரிலேயே, பாசில்த்வெயிட் நடிக்க வேண்டியிருந்தது.

அந்தத் தந்தையைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் அவருடைய பிற்கால வேடங்கள் பலவற்றுக்கு அதில்தான் திறவுகோல் இருக்கிறது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவில், தூங்கும் பிள்ளைகளை அந்த மனிதர் வாஞ்சையோடு பார்க்கிறார். மறுநாள் அதே பிள்ளைகள் அமர்ந்திருக்கும் சாப்பாட்டு மேசையின் விரிப்பை, தட்டுகளோடும் உணவோடும் சேர்த்து, இழுத்துத் தரையில் வீசுகிறார். இன்னொரு காட்சியில் குதிரையைத் தேய்த்துவிட்டுக்கொண்டே மெல்லப் பாடுகிறார். மேலிருந்து பிள்ளைகள் மூச்சை அடக்கிக்கொண்டு எட்டிப் பார்க்கிறார்கள். வேறொரு நடிகராக இருந்தால் இந்த இரண்டுக்கும் இடையே ஒரு காரணத்தை, ஒரு துயரத்தை முகத்தில் காட்டி அந்த மனிதரை நாம் மன்னிக்கும்படி செய்திருப்பார். பாசில்த்வெயிட் எந்தக் காரணமும் காட்டவில்லை. அன்பும் வன்முறையும் ஒரே உடலில், ஒன்றை ஒன்று விளக்காமல், அடுத்தடுத்து நிற்கின்றன. அந்த வீட்டில் வளர்ந்த பிள்ளைக்கு அந்தத் தந்தை எப்படி விளங்காத மனிதராக இருந்தாரோ அப்படியே நமக்கும் இருக்கிறார். குடும்ப வன்முறையை இவ்வளவு நேர்மையாகக் காட்டிய நடிப்பு வேறொன்றை நான் கண்டதில்லை.

அதன் பிறகு வாய்ப்புகள் வந்தன. 1992-இல் டேவிட் ஃபிஞ்சரின் ‘ஏலியன் 3’ படத்தில் கைதிகளில் ஒருவர், அதே ஆண்டில் ‘தி லாஸ்ட் ஆஃப் தி மொஹிகன்ஸ்’ படத்தில் ஒரு படை அதிகாரி. இரண்டும் அவருடைய திறமை அதிகம் தேவைப்படாத வேடங்கள். அடுத்த ஆண்டுதான் ஜிம் ஷெரிடன் இயக்கிய ‘இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்’ வெளிவந்தது.

அந்தப் படத்தின் பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1974 அக்டோபர் 5 அன்று இங்கிலாந்தின் கில்ட்ஃபோர்ட் நகர மதுக்கடைகளில், வட அயர்லாந்தில் பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்து ஆயுதமேந்திய ஐரிஷ் குடியரசுப் படை வைத்த குண்டுகள் வெடித்து ஐந்து பேர் இறந்தனர். செய்யாத அந்தக் குற்றத்துக்காக பெல்ஃபாஸ்ட் இளைஞர் ஜெரி கான்லன் உள்ளிட்ட நால்வருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. மகனுக்கு வழக்கறிஞர் ஏற்பாடு செய்ய லண்டனுக்கு வந்த தந்தை கியூசெப்பி கான்லனும் உறவினர் வீட்டில் கைது செய்யப்பட்டு, வெடிமருந்தைக் கையாண்டதாகச் சொல்லப்பட்டு 12 ஆண்டுச் சிறைத்தண்டனை பெற்றார். ஏற்கெனவே நுரையீரல் நோயாளியான அவர் 1980 ஜனவரியில் கைதியாகவே இறந்தார். மகன் 1989 அக்டோபரில் விடுதலையானார். தந்தையின் மீதான தீர்ப்பு 1991-இல்தான் ரத்தானது. 2005-இல் பிரதமர் டோனி பிளேர் அந்தக் குடும்பங்களிடம் மன்னிப்புக் கேட்டார்.

படத்தில் தந்தையும் மகனும் ஒரே சிறையறையில் ஆண்டுக்கணக்கில் வாழ்கிறார்கள். உண்மையில் அவர்கள் அப்படி ஒரே அறையில் வாழவில்லை. அது திரைக்கதைக்காகச் செய்த மாற்றம், அதற்காகப் படம் விமர்சிக்கப்பட்டதும் உண்டு. ஆனால் பாசில்த்வெயிட்டின் நடிப்பு முழுதாக மலர இடம் கொடுத்தது அந்த மாற்றம்தான். மகனாக நடித்த டேனியல் டே-லூயிஸ் அவரை விடப் பதினொரு வயது மட்டுமே இளையவர். அந்தக் குறுகிய இடைவெளி திரையில் ஒரு கணமும் தெரியவில்லை. தோள்களைச் சற்றே உள்ளிழுத்து, மூச்சை அளந்து செலவழிப்பவரைப் போலப் பேசி, பெல்ஃபாஸ்ட் கத்தோலிக்கரின் பேச்சு வழக்கைத் தம் சொந்த வழக்காகவே ஆக்கிக்கொண்டு, ஒரு தலைமுறை மூத்தவராக அவர் மாறிவிடுகிறார். சிறையில் மகன் வெறியோடு கத்தும் இடங்களில் தந்தை குரலை உயர்த்துவதில்லை. ஜெபமாலையை உருட்டுகிறார், மனுக்கள் எழுதுகிறார், மகன் தன்னை அவமதிக்கும்போது பொறுத்துக்கொள்கிறார். பலவீனமாகத் தோன்றும் அந்தப் பணிவு எவ்வளவு உறுதியானது என்பது, சிறையின் வேறு ஒரு வலிய மனிதரைத் தலைவராக ஏற்ற மகன் பிறகு தந்தையிடமே திரும்பி வரும்போது நமக்குப் புலப்படுகிறது. அவர் இறந்த இரவில் கைதிகள் எரியும் காகிதங்களைச் சன்னல்களிலிருந்து பறக்கவிடும் காட்சி பலருக்கு நினைவிருக்கும். ஓர் அமைதியான மனிதரின் இழப்பு அவ்வளவு பெரிதாக நம்மைத் தாக்குகிறது என்றால், அதற்கு முந்தைய ஒன்றரை மணி நேரத்தில் அவர் சேர்த்துவைத்த சிறு சிறு அசைவுகளே காரணம்.

அந்த வேடத்துக்காகச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. 1994 மார்ச்சில் நடந்த விழாவில் ‘தி ஃப்யூஜிடிவ்’ படத்துக்காக டாமி லீ ஜோன்ஸ் விருதைப் பெற்றார். அந்த ஆண்டுப் போட்டியில் ரால்ஃப் ஃபைன்ஸ், லியோனார்டோ டிகாப்ரியோ, ஜான் மால்கோவிச் ஆகியோரும் இருந்தார்கள் என்பதைக் கணக்கில் எடுத்தாலும், விருது பாசில்த்வெயிட்டுக்குச் சேர்ந்திருக்க வேண்டும் என்பதே இன்றும் என் கருத்து.

கியூசெப்பிக்கு நேர் எதிரான ஒருவரை அதே 1994-இல் தொலைக்காட்சியில் காணலாம். நெப்போலியன் காலப் போர்களைப் பற்றிய ‘ஷார்ப்’ தொடரில் சார்ஜன்ட் ஓபடையா ஹேக்ஸ்வில் என்ற கொடியவர். தூக்கிலிடப்பட்டும் சாகாமல் பிழைத்தவர்; முகம் துடிக்கும்; தம் தொப்பிக்குள் வைத்திருக்கும் தாயின் படத்தோடு பேசுவார். சாகசத் தொடர்களில் வில்லன் என்றால் மிகைப்படுத்தி உறுமுவது வழக்கம். இவரோ அந்த மனிதரின் பைத்தியத்துக்குள் ஒரு தர்க்கத்தை வைத்துவிட்டதால், பார்ப்பவர்களுக்கு அவர் நிஜமான அச்சமாக ஆகிவிட்டார். இரண்டு ஆண்டு இடைவெளியில் கியூசெப்பியையும் ஹேக்ஸ்வில்லையும் பார்த்த ஒருவர், இருவரும் ஒரே மனிதர் என்று சொன்னால் எளிதில் நம்பமாட்டார்.

1995-இல் வந்த ‘தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்’ படத்தில் கோபயாஷி என்ற வழக்கறிஞர் வேடம் உலகெங்கும் அவரைக் கொண்டு சேர்த்தது. ஜப்பானியப் பெயர், ஆங்கிலேய உடை நயம், இந்தியத் துணைக்கண்டத்துச் சாயல் படிந்த பேச்சு என்று எந்த நாட்டிலும் நிறுத்த முடியாத ஒருவராக அவர் வருகிறார். நம் காதுக்கு அந்தப் பேச்சு சற்றே நெருடும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தப் பொருந்தாமை படத்தின் கதையோடு இணைந்தது. இறுதிக் காட்சியைப் பார்த்த பிறகு, அந்த மனிதர் ஏன் எந்த ஊரையும் சேராதவராக இருந்தார் என்பது விளங்கும். படத்தைப் பார்க்காதவர்களுக்காக அதற்கு மேல் சொல்லாமல் விடுகிறேன்.

என்னைப் பொறுத்தவரை அவருடைய திரை வாழ்க்கையின் உச்சம் 1996-இல் மார்க் ஹெர்மன் எழுதி இயக்கிய ‘பிராஸ்ட் ஆஃப்’. வட இங்கிலாந்தின் நிலக்கரிச் சுரங்க ஊர்களில் பல சுரங்கங்களுக்குச் சொந்தமாக ஒரு பித்தளை வாத்தியக் குழு இருந்தது. பகலில் நிலத்துக்கு அடியில் உழைத்தவர்கள் மாலையில் கொம்பும் கார்னெட்டும் எடுத்து வாசித்தார்கள். தலைமுறை தலைமுறையாக வந்த மரபு அது. 1992 அக்டோபரில் பிரிட்டிஷ் அரசு 31 சுரங்கங்களை மூடப்போவதாகவும் சுமார் 30,000 பேர் வேலை இழப்பார்கள் என்றும் அறிவித்தது. யார்க்‌ஷயரின் கிரைம்தார்ப் சுரங்கக் குழு, அந்த அறிவிப்பு வந்த சில நாட்களிலேயே லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் தேசியப் போட்டியில் முதலிடம் பெற்றது. அடுத்த ஆண்டு அவர்களுடைய சுரங்கம் மூடப்பட்டது. இந்த நிகழ்வே படத்தின் கரு. திரையில் ஒலிக்கும் இசையையும் கிரைம்தார்ப் குழுவினரே வாசித்தார்கள்.

படத்தில் பாசில்த்வெயிட் அத்தகைய ஒரு குழுவின் இசை நடத்துநர் டேனி. சுரங்கத் தூசியால் நுரையீரல் கெட்டுப்போன முதியவர். ஊரே வேலையைப் பற்றிக் கவலைப்படும்போது அவர் மட்டும் போட்டியைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறார். அவருடைய மகனும் அதே குழுவில் டிராம்போன் வாசிப்பவர். பழைய வேலைநிறுத்தக் காலத்துக் கடனில் மூழ்கி, மனைவி பிள்ளைகளைப் பிரிந்து, கோமாளி வேடம் போட்டுப் பிழைக்கிறார். அது தந்தையின் கண்ணில் படுவதே இல்லை. மறுபடியும் ஒரு தந்தை. அன்பில்லாதவர் அல்லர், அன்பு முழுவதும் இசையின் பக்கம் போய்விட்டது, அவ்வளவுதான். புதிதாகக் குழுவில் சேர வரும் இளம்பெண் முதல்முறை ரோட்ரிகோவின் இசைத்துண்டை வாசிக்கும் காட்சியில் டேனியின் முகத்தைக் கவனியுங்கள். கையில் கோல் அசைந்துகொண்டிருக்கிறது, முகத்தில் ஐயம் மெல்லக் கரைந்து வியப்பு ஏறுகிறது. அதே நேரத்தில் இன்னோர் இடத்தில் நிர்வாகத்தோடு தொழிற்சங்கப் பேச்சு நடப்பதை வெட்டி வெட்டிக் காட்டுகிறார்கள். வாழ்வு போய்க்கொண்டிருக்கும் மணித்துளியில் அந்த மனிதர் அடையும் மகிழ்ச்சி, நம்மை ஒரே சமயத்தில் நெகிழவும் பதறவும் வைக்கிறது.

கடைசியில் ஆல்பர்ட் ஹால் மேடையில் வெற்றிக் கோப்பையை வாங்க மறுத்து அவர் பேசுகிறார். இசைதான் பெரிது என்று வாழ்ந்துவிட்டேன், மனிதர்களுக்கு முன்னால் அது ஒன்றுமே இல்லை என்பதே அந்தப் பேச்சின் சாரம். எழுத்தில் பார்த்தால் அது ஓர் அரசியல் மேடைப் பேச்சாகப் போயிருக்கக்கூடும். மருத்துவமனைப் படுக்கையிலிருந்து எழுந்து வந்த ஒருவர், மூச்சுக்குத் திணறியபடி, தம் வாழ்நாள் நம்பிக்கையைத் தாமே மறுத்துப் பேசுகிறார் என்பதை அவர் ஒவ்வொரு சொல்லிலும் உணர்த்துவதால்தான் அது நிற்கிறது. அந்தப் பேச்சின் ஒரு பகுதியை ‘சம்பவம்பா’ என்ற இசைக்குழு 1997-இல் உலகெங்கும் ஒலித்த தங்கள் ‘டப்தம்பிங்’ பாடலின் இசைத்தொகுப்பு வடிவத்தில் தொடக்கமாகச் சேர்த்துக்கொண்டது.

ஹாலிவுட் அவரைப் பெரிய அளவில் பயன்படுத்தியது அதற்கடுத்த காலத்தில்தான். 1996-இல் ‘ரோமியோ + ஜூலியட்’ படத்தில் பாதிரியார் லாரன்ஸ். 1997-இல் ஸ்டீவன் ஸ்பீல்பெர்கின் இரண்டு படங்கள்: ‘அமிஸ்டாட்’ படத்தில் அரசு வழக்கறிஞர், ‘தி லாஸ்ட் வேர்ல்ட்’ படத்தில் நீங்கள் கேட்ட வேட்டைக்காரர் ரோலண்ட் டெம்போ. டெம்போவுக்குப் பணத்தில் நாட்டமில்லை. டைனோசர்களில் மிக வலியதான ஆண் டி-ரெக்ஸைத் தாமே எதிர்கொள்ள வேண்டும் என்பது ஒன்றே குறி. அந்த ஆசை நிறைவேறிய நேரத்தில், நெடுங்கால நண்பரான இந்திய வேட்டைக்காரர் அஜய் சித்து இறந்துவிட்ட செய்தியும் சேர்ந்து வருகிறது. புதிய வேலையும் பரிசும் தருவதாகச் சொல்லும் முதலாளியிடம், சாவோடு பழகியது போதும் என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார். விலங்குகள் ஓடும் படத்தில் ஒரு மனிதரின் வாழ்வு முழுவதும் அந்த அரை நிமிடத்தில் தெரிகிறது. உலகின் மிகச் சிறந்த நடிகர் இவரே என்று ஸ்பீல்பெர்க் அவரைப் பாராட்டியதாக எங்கும் எழுதப்பட்டது. அதற்கு பாசில்த்வெயிட் சொன்ன மறுமொழியும் அதே அளவு புகழ்பெற்றது: ‘தான்தான் உலகின் மிகச் சிறந்த நடிகர் என்று பீட் நினைத்துக்கொண்டிருக்கிறார்’ என்றுதான் ஸ்பீல்பெர்க் சொல்லியிருப்பார் என்றார்.

அந்தப் பாராட்டுக்குப் பிறகு லாஸ் ஏஞ்சலஸில் குடியேறி, வில்லன் வேடங்களை வரிசையாக ஏற்றுச் செல்வம் சேர்த்திருக்கலாம். அவர் வேல்ஸ் எல்லையை ஒட்டிய ஷ்ராப்ஷயர் கிராமப்புறத்தில் குடும்பத்தோடு வாழ்ந்துகொண்டு, மேடைக்கும் பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்கும் திரும்பினார். ‘ஏன் சிறு வேடங்களிலேயே நின்றார்’ என்ற உங்கள் கேள்விக்கான விடை இங்கேதான் இருக்கிறது. 1997-இல் பிரிஸ்டலில் மேக்பெத். 1999-இல் தொலைக்காட்சியில் ‘லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ்’. பக்கவாதத்தால் சொற்களை இழந்துவரும் வயதான தாயைக் கவனித்துக்கொள்ளும் மகனாக, 1911-இல் பிறந்த மூத்த நடிகை தோரா ஹர்டோடு நடித்தார். தாயாக நடித்தவருக்கு, பிரிட்டனின் திரை, தொலைக்காட்சி விருதான பாஃப்டா கிடைத்தது. அத்தனை தந்தை வேடங்களுக்கு நடுவே அவர் மகனாக வந்த அந்தப் படைப்பில், முழுக் காட்சியையும் தோரா ஹர்டின் கையில் கொடுத்துவிட்டுத் தாம் கேட்பவராக மட்டுமே இருக்கிறார். எதிரில் இருப்பவர் பேசும்போது முகத்தால் ‘நடிக்காமல்’ உண்மையாகவே கேட்பது மிகக் கடினமான கலை. அதை அறிய விரும்புபவர்கள் இதைப் பார்க்க வேண்டும்.

2000-இல் பிபிசியின் ‘தி சின்ஸ்’ தொடரில் அவரே கதாநாயகர். கொள்ளையர்களுக்கு வண்டி ஓட்டிச் சிறை சென்று, வெளிவந்து, இறந்தவர்களை அடக்கம் செய்யும் தொழிலுக்கு வரும் லென் கிரீன் என்பவரின் கதை. ஏழு பாவங்களை மையமாகக் கொண்ட ஏழு பகுதிகள். 2008-இல் ‘கிரிமினல் ஜஸ்டிஸ்’ தொடரில் பென் விஷா நடித்த இளம் கைதிக்குச் சிறையின் வழிகளைக் கற்றுத்தரும் மூத்த கைதி. இவற்றுக்கிடையே ‘ஸ்கேராமூஷ் ஜோன்ஸ்’ என்ற, ஒரே நடிகர் நடிக்கும் நாடகத்தை நாடு நாடாகக் கொண்டு சென்றார். 1899-இன் கடைசி நாளில் பிறந்து 1999-இன் கடைசி நாளில் தம் நூற்றாண்டைச் சொல்லி முடிக்கும் ஒரு கோமாளியின் கதை அது. ஒரு முழு நூற்றாண்டையும் அதில் வரும் அத்தனை மனிதர்களையும் தனி ஒருவராகத் தாங்க வேண்டும்.

2007-இல் மான்செஸ்டர் ராயல் எக்ஸ்சேஞ்சில் ‘தி டெம்பெஸ்ட்’ நாடகத்தின் பிராஸ்பெரோ. 2008-இல் லிவர்பூல் ஐரோப்பியப் பண்பாட்டுத் தலைநகராக விளங்கிய ஆண்டில், ரூபர்ட் கூல்ட் இயக்கத்தில், தம்மை வளர்த்த அதே எவ்ரிமேன் அரங்கில் லியர் மன்னன். அந்தத் தயாரிப்புக்குக் கலவையான வரவேற்பே கிடைத்தது. இயக்குநரின் புதுமைகள் மிகுதி என்று பலர் குறைப்பட்டார்கள். பின்னர் அது லண்டன் யங் விக் அரங்குக்கும் சென்றது. விமர்சனங்கள் எப்படி இருந்தாலும், வேனில் ஏறி மதுக்கடைகளுக்குப் போன இளைஞர், முப்பது ஆண்டுகள் கழித்து அதே ஊருக்குத் தந்தைகளிலெல்லாம் பெரிய தந்தையின் வேடத்தோடு திரும்பினார் என்பது லிவர்பூல் மக்களுக்குப் பெரிய நிகழ்வு.

அவருடைய நம்பிக்கைகளையும் குறிப்பிட வேண்டும். 2009-இல் ஃபிரானி ஆர்ம்ஸ்ட்ராங் இயக்கிய ‘தி ஏஜ் ஆஃப் ஸ்டுப்பிட்’ என்ற பருவநிலைப் படத்தில், 2055-இல் அழிந்துபோன உலகின் பதிவுகளைக் காத்துக்கொண்டு தனியாக இருக்கும் முதியவராக வந்தார். அதன் முதல் காட்சி நாளில், கிங்ஸ்நார்த்தில் புதிய நிலக்கரி மின் நிலையத்துக்கு அனுமதி தந்தால் 2004-இல் தாம் பெற்ற ஓபிஇ என்ற பிரிட்டிஷ் அரசு விருதைத் திருப்பித் தந்துவிடுவேன் என்று எரிசக்தி அமைச்சர் எட் மிலிபாண்டிடம் பகிரங்கமாகச் சொன்னார். அந்தத் திட்டம் அதே ஆண்டில் ஒத்திவைக்கப்பட்டது. சுரங்கத் தொழிலாளர்களுக்காக அழவைத்தவரே நிலக்கரியை எதிர்த்ததில் எனக்கு முரண் தெரியவில்லை. இரண்டு இடத்திலும் அவர் பேசியது மனிதர்களைப் பற்றி.

நோய் முற்றிய 2010-இல்தான் நீங்கள் பார்த்த ‘இன்செப்ஷன்’ வந்தது. மாரிஸ் ஃபிஷர் என்ற அந்தச் செல்வந்தர் படம் முழுவதும் படுத்தே கிடக்கிறார், பேசுவது சில சொற்கள். மகன் படுக்கையருகே வைத்த பழைய புகைப்படத்தை அவர் பார்க்கவே இல்லை. ஆனால் கனவுகளுக்குள் கனவாக விரியும் அந்தக் கதையின் திருட்டுத் திட்டம் முழுவதும் இந்தத் தந்தை மகனைப் பற்றி என்ன நினைத்தார் என்ற ஒரே கேள்வியில்தான் தொங்குகிறது. கடைசிக் கனவில் மூச்சுக்கு இடையே அவர் மகனிடம் சொல்லும் சொற்கள் பொய்யாகத் தயாரிக்கப்பட்டவை என்று நமக்குத் தெரியும், தெரிந்தும் நம்புகிறோம். சில நிமிட வேடத்துக்கு கிறிஸ்டோபர் நோலன் இவரைத் தேடிப் போனதன் காரணம் அதுதான் என்பது என் கணிப்பு. அதே ஆண்டு ‘தி டவுன்’ படத்தில் பூக்கடை வைத்திருக்கும் ரவுடித் தலைவர். ரோஜாக் காம்புகளின் முள்ளை நறுக்கிக்கொண்டே, பென் ஆஃப்லெக் ஏற்ற நாயகனிடம் அவனுடைய பெற்றோருக்கு என்ன செய்தேன் என்று அமைதியாகச் சொல்லும் காட்சியில் அவர் குரல் ஒருமுறைகூட உயரவில்லை. அந்த வேடத்துக்கான பாஃப்டா பரிந்துரை அவர் இறந்த பிறகு வந்தது. கடைசிப் படம் 2011-இல் வெளியான ‘கில்லிங் போனோ’.

எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம் என்று நீங்கள் அடுத்துக் கேட்பீர்கள் என்பதால் அதையும் சொல்லிவிடுகிறேன். முதலில் ‘பிராஸ்ட் ஆஃப்’. யார்க்‌ஷயர் பேச்சு வேகமாகவும் மழுங்கியும் ஒலிக்கும் என்பதால் ஆங்கில வசன எழுத்துகளோடு பார்ப்பது நல்லது. பிறகு ‘இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்’. ‘டிஸ்டன்ட் வாய்ஸஸ், ஸ்டில் லைவ்ஸ்’ படத்தை மூன்றாவதாக, தனியாக, இடையூறு இல்லாத ஓர் இரவில் பாருங்கள். அதில் கதை நேர்கோட்டில் செல்லாது, பாடல்களும் நினைவுகளும் மாறி மாறி வரும், ஆகவே முதல் பத்து நிமிடம் பொறுமை வேண்டும். இம்மூன்றையும் பார்த்த பிறகு ‘இன்செப்ஷன்’ படத்தை மறுபடி போட்டு, அந்தப் படுக்கைக் காட்சி வரும்போது மகனை விட்டுவிட்டுத் தந்தையின் முகத்தை மட்டும் கவனியுங்கள்.